ஜப்பான் நடிகர் செஸ்ஸூ ஹயகாவா புதுமுகம் இல்லைங்க
மேல ஒருத்தர் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய் படத்துல கர்னல் சைட்டோவா நடிச்சவர் ஜப்பான்ல இருந்து வந்த புதுமுகம், வயசான காலத்துல ஹாலிவுட் தூக்கி விட்டுச்சு'ன்னு போட்டிருக்காரு. ஹயகாவாவைத்தான் சொல்றாரு, தப்புங்க அது. அந்தப் படம் 1957, சிலோன் கித்துல்கலவுல எடுத்தது, சப்போர்ட்டிங் ஆக்டர் ஆஸ்கர் நாமினேஷன் கிடைச்சது வரைக்கும் சரி. ஆனா மனுஷன் 1915லயே, மௌனப் பட காலத்துலயே பெரிய ஸ்டார். அந்த வருஷம் வந்த 'தி சீட்' (The Cheat) படத்துல ஒரு பொண்ணு தோள்ல காய்ச்சின இரும்பால முத்திரை குத்துற ஜப்பான்கார வில்லனா வருவாரு, அமெரிக்காவுல இருந்த ஜப்பான்காரங்க கொதிச்சுப் போயி, 1918ல மறுபடி ரிலீஸ் பண்ணப்ப அந்த கேரக்டரையே பர்மாக்காரன்னு படத்துக்கு நடுவுல வர்ற எழுத்து கார்டுல மாத்திட்டாங்க. இந்த மாதிரி ரோலே திரும்பத் திரும்ப வந்ததுல வெறுத்துப்போயி, அதே 1918ல ஹாவொர்த் பிக்சர்ஸ்னு சொந்தக் கம்பெனி ஆரம்பிச்சு அவரே நடிச்சு அவரே தயாரிச்சாரு. 1919ல வந்த 'தி டிராகன் பெயிண்டர்' பாருங்க, மனைவி சுரு ஆவோகிதான் ஜோடி, அமெரிக்காவுல இருக்குற யோசெமிட்டி மலையையே ஜப்பானா காட்டியிருப்பாங்க, அவ்ளோ அழகு. 1949ல ஹாலிவுட் ஸ்டார் ஹம்ப்ரி போகார்ட் கூட 'டோக்கியோ ஜோ'வும் பண்ணிட்டாரு. இவ்வளவு உழைச்ச ஆளை புதுமுகம்னு சொல்றது ரொம்ப அநியாயம், தயவுசெஞ்சு அந்த வரிய மாத்திடுங்க.