ஒரே கார்ட்தான் தெரியுமாம்!

ஒரு பழைய ப்ளூஸ் வீடியோவுக்கு வந்த கமெண்டுகளைப் படிச்சுட்டு எழுதறேன். ப்ளூஸ் (அமெரிக்கக் கறுப்பின மக்களோட இசை) பாடகரும் கிட்டார் கலைஞருமான ஆர்.எல். பர்ன்சைடு, அமெரிக்காவோட மிசிசிப்பியில தன் வீட்டுக்கு வெளியே உக்காந்து வாசிக்கிற 1978 காட்சி, நாட்டுப்புறப் பாட்டு சேகரிச்ச ஆலன் லோமாக்ஸோட குழு எடுத்தது. அதுக்கு வந்த தீர்ப்பு: "பாவம் பெரியவர், கிட்டார்ல ஒரே கார்ட்தான் (சேர்ந்து ஒலிக்கிற ஸ்வரக் கூட்டு) தெரியும்போல." பெரியவருக்கு அப்போ வயசு 51.

ஆமா, ஒரே கார்ட்தான். தெரியாம இல்லை, வேணாம்னு. தம்பூரா ஏன் கச்சேரி முழுக்க அதே சுருதியில நிக்குதுன்னு என்னைக்காவது கேட்டிருக்கோமா?

"ப்ளூஸ்னா ஒரு சுற்றுக்குப் பன்னிரண்டு பார் (தாள அளவு)தானே?" அந்தக் கணக்கும் அவருக்குத் தெரியும் சாமி. சிகாகோவுல சில வருஷம் இருந்தவர். சிகாகோ ப்ளூஸோட பெரிய நட்சத்திரம் மடி வாட்டர்ஸ் கல்யாணம் கட்டினதே இவர் சொந்தக்காரப் பொண்ணைத்தான். ஆனா வடக்கு மிசிசிப்பி மலைப்பக்கத்துல பாட்டு வரி முடியிற இடத்துலதான் சுற்று முடியும். வரி நீண்டா ரெண்டு அடி கூடும், அவ்வளவுதான்.

சந்தேகம்னா நீங்களே வாசிச்சுப் பாருங்க. அந்தப் பக்கம் அதிகம் புழங்குற ஓபன் ஜி சுருதி: ஆறாவது, அஞ்சாவது, முதல் கம்பி மூணையும் ரெண்டு ஃப்ரெட் (கிட்டார் கழுத்துல இருக்கிற கட்டை) அளவு சுருதி இறக்குங்க. ஆறாவதுலேர்ந்து முதல் கம்பி வரை டி-ஜி-டி-ஜி-பி-டி ஸ்வரம் வரும். இறக்கினதும் கழுத்துல இழுப்பு குறைஞ்சு மத்த மூணு கம்பியும் லேசா ஏறிக்கும், அதனால இன்னொரு தடவை சுருதி சேத்தே ஆகணும். 9 கேஜ் (கம்பியோட தடிமன்) மாதிரி மெல்லிசுன்னா தொளதொளன்னு ஆகி ஃப்ரெட்டுல அடிக்கும். 12 இல்ல 13 போடுங்க. கட்டைவிரல் அஞ்சாவது கம்பியை விடக்கூடாது. அவசரத்துல ஆறாவதைத் தட்டினா அடி 'டி'க்குப் போயிடும், ஆதாரம் எதுன்னே தெரியாம கலங்கிடும். மேல் கம்பியில ரிஃப் (திரும்பத் திரும்ப வர்ற சின்ன மெட்டு) கட்டைவிரலுக்கு முன்ன பின்ன விழணும். இதைப் பத்து நிமிஷம் ஓட்டம் தளராம வாசிச்சுட்டு வந்து பேசுங்க. பிற்காலத்துல பர்ன்சைடு குழுவுல ரெண்டு கிட்டார், ஒரு டிரம்ஸ், பேஸ் கிட்டாரே கிடையாது. அடி ஸ்வரத்துக்குத்தான் கட்டைவிரல் இருக்கே!

"கேக்க சலிப்பா இருக்கே?" அடுத்த பாட்டுக்குப் போங்க.

"டாக்குமெண்டரிக்காரங்க கண்டெடுக்கலைன்னா யாருக்குத் தெரிஞ்சிருக்கும்?" இதுதான் சுருக்குனு குத்துது. 1991ல வந்த 'டீப் ப்ளூஸ்' படம் அவரைப் பெரிய கூட்டத்துக்குக் கொண்டு போச்சு, மறுக்கலை. ஃபேட் பாசம் கம்பெனி வெளியிட்ட ஆல்பங்கள் எல்லாம் அதுக்கப்புறம்தான். ஆனா ப்ளூஸ் பதிவாளர் ஜார்ஜ் மிட்செல் 1967லயே அவரைப் பதிவு பண்ணியாச்சு. நடுவுல 24 வருஷம். வயல் வேலையும் பாத்துக்கிட்டு வாசிச்சுட்டேதான் இருந்தார். திருவிழாவுல தொலைஞ்ச பிள்ளையா கண்டெடுக்க? அவருக்குக் கத்துக்கொடுத்த ஃப்ரெட் மெக்டவல், மாட்டு விலா எலும்பைத் தேய்ச்சு ஸ்லைடு (கம்பி மேல வழுக்கி வாசிக்கிற துண்டு) பண்ணிக்கிட்ட மனுஷன். அவரையும் 1959ல லோமாக்ஸ் 'கண்டெடுத்தார்'னுதான் எழுதறாங்க. அந்த ஊர்ல ராத்திரி ராத்திரியா ஆடினவங்களுக்குக் கண்ணே இல்லைபோல.

பர்ன்சைடோட பேரன் செட்ரிக் 2022ல கிராமி வாங்கிட்டார். அவரை எப்போ கண்டெடுக்கப் போறீங்கன்னு முன்கூட்டியே சொல்லிடுங்க.