டிவி நடிகர் என்றால் அவ்வளவு இளக்காரமா?

சனிக்கிழமை திரையிடலுக்கு வந்தவர்களுக்கு எதைச் சொல்கிறேன் என்று தெரியும். போர்க் கைதிகள் முகாமிலிருந்து தப்பிக்கும் கதையான 'தி கிரேட் எஸ்கேப்' படம் முடிந்ததும் நடிகர் ஸ்டீவ் மெக்வீன், அவருடைய பைக், அந்த முள்வேலி என்று பேச்சு நீண்டது. அதே படத்தில் நடித்த ஜேம்ஸ் கார்னர் பெயர் வந்தபோது ஒரே வரி: "அவரு டிவி ஆளு, சும்மா வந்துட்டுப் போறாரு." எல்லோரும் சிரித்தார்கள். அத்தோடு அவர் கதை முடிந்தது.

எனக்கு மனசு ஆறவில்லை. அந்த 'சும்மா'வுக்குப் பின்னால் எவ்வளவு உழைப்பு இருக்கிறது என்று தெரிந்தவர்கள் யாரும் அப்படிச் சிரிக்க மாட்டார்கள்.

இது புதுப் பேச்சும் இல்லை. 1985-ல் வந்த 'மர்ஃபிஸ் ரொமான்ஸ்' படத்தை எடுக்கும்போது கொலம்பியா ஸ்டுடியோவும் இதையேதான் சொன்னது: டிவி நடிகர், வேண்டாம். இயக்குநர் மார்ட்டின் ரிட்டும் கதாநாயகி சாலி ஃபீல்டும் சண்டை போட்டுத்தான் அவரை உள்ளே கொண்டுவந்தார்கள். அந்தப் படத்துக்குச் சிறந்த நடிகர் ஆஸ்கர் பரிந்துரை வந்தது கார்னருக்கு.

சனிக்கிழமை பார்த்த படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். பார்வை போய்க்கொண்டிருக்கும் கைதி ப்ளைத், தனக்குக் கண் தெரியும் என்று காட்ட, தரையில் முன்கூட்டியே போட்டுவைத்த குண்டூசியை எடுத்துக் காட்டுகிறார். தப்பிக்கும் திட்டத்தின் தலைவர் பார்ட்லெட் நம்பவில்லை, இவரைக் கூட்டிப்போக முடியாது என்கிறார். அங்கே ஹெண்ட்லியாக நிற்கும் கார்னரைக் கவனித்தீர்களா? குரலை உயர்த்தவில்லை, கண்ணீர் விடவில்லை. என்னோடு இருக்கும்வரை அவர் குருடர் இல்லை, என்னோடுதான் வருவார் என்று சொல்லி முடித்துவிடுகிறார். உருக்கமாகப் பேசியிருந்தால் காட்சி கெட்டிருக்கும்.

இந்த அடக்கம் எங்கிருந்து வந்தது? 1954-ல் பிராட்வேயில் 'தி கெய்ன் மியூட்டினி கோர்ட் மார்ஷல்' நாடகத்தில் அவருக்கு வசனமே இல்லாத வேடம். ராணுவ நீதிமன்றத்தின் நடுவர்களில் ஒருவராக உட்கார்ந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். இரவுக்கிரவு ஹென்றி ஃபோண்டா நடிப்பதைப் பக்கத்திலிருந்து பார்த்தார். எதிரே இருப்பவர் பேசுவதைக் காது கொடுத்துக் கேட்பதே பாதி நடிப்பு என்பதை அந்த நாற்காலியில்தான் கற்றுக்கொண்டார். நடிப்புப் பள்ளியில் படித்தவர்கள் இதைக் குறைவாக நினைக்கலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

பிறகு 1957-ல் 'மேவரிக்' டிவி தொடர், கார்னர்தான் நாயகன். ஞாயிறு இரவு, வேறு சேனலில் ஓடிய புகழ்பெற்ற எட் சல்லிவன் நிகழ்ச்சிக்குப் போட்டியாக. ஒரு மணி நேர எபிசோடு எடுக்க எட்டு நாள் ஆகும். ஒளிபரப்போ வாரம் ஒன்று. கணக்கு உதைத்ததால்தான் ஜாக் கெல்லி என்ற நடிகரை நாயகனின் சகோதரன் பார்ட்டாகச் சேர்த்து, இரண்டு குழுக்களை வைத்து இணையாகப் படமெடுத்தார்கள். இந்த ஓட்டத்துக்கு நடுவே முகத்தில் அலுப்பு தெரியாமல் நின்றவரைத்தான் 'சும்மா' என்கிறீர்கள்.

"எல்லாப் படத்திலும் ஒரே ஆளாத்தானே இருக்கார்" என்று சொல்ல வருவீர்கள். 1964-ல் வந்த 'தி அமெரிக்கனைசேஷன் ஆஃப் எமிலி'யைப் பார்த்துவிட்டு வந்து சொல்லுங்கள். எமிலியின் அம்மாவிடம் போரைப் புனிதமாக்குவதைப் பற்றி அவர் பேசும் நீண்ட வசனம், தேநீர் நேரத்துப் பேச்சு மாதிரியே போகும். கணவனும் மகனும் உயிரோடிருப்பதாகவே பேசிவந்த அந்த அம்மா உடைந்துபோவது அதனால்தான்.

"மெக்வீன் மாதிரி ஸ்டைல் இல்லையே" என்பதற்குப் பதில் சொல்லப்போவதில்லை. ஆனால் 1974-ல் தொடங்கிய அவருடைய 'தி ராக்ஃபோர்ட் ஃபைல்ஸ்' துப்பறியும் தொடரில் அந்தத் தங்க நிற போன்டியாக் ஃபயர்பேர்ட் கார் ரிவர்ஸில் வந்து திரும்புமே, அது எப்படி என்று பாருங்கள். மணிக்கு 35 மைல் வேகத்தில் நேராகப் பின்னால் போக வேண்டும். ஆக்சிலரேட்டரிலிருந்து காலை எடுத்து, ஸ்டீயரிங்கை இடப்பக்கம் முழுக்க ஒடித்து, ஹேண்ட் பிரேக்கை இழுத்தால் சக்கரம் பூட்டிக்கொண்டு முன்பக்கம் சுழலும். உடனே எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஆக்சிலரேட்டரை மிதிக்க வேண்டும். பெரும்பாலும் அவரே ஓட்டினார். அடிதடியில் ஒருவனைக் குத்திவிட்டுத் தன் கை வலிக்கிறது என்று உதறுகிற கதாநாயகன் அதற்கு முன் எத்தனை பேர்?

அதற்கு அவர் கொடுத்த விலை என்ன? முழங்கால், முதுகு, வயிற்றுப் புண். டாக்டர்கள் நிறுத்தச் சொல்லித்தான் 1980-ல் தொடர் நின்றது. ஆறு சீசன் ஓடி, மறு ஒளிபரப்பிலும் சக்கைப் போடு போட்ட தொடர் அது; லாபத்தில் கார்னருக்குப் பங்கு உண்டு. ஆனால் லாபமே இல்லை என்று யுனிவர்சல் ஸ்டுடியோ கணக்குக் காட்டியது. விநியோகக் கட்டணம், ஸ்டுடியோ மேல்செலவு, வட்டி எல்லாவற்றையும் முதலில் கழித்துக்கொண்டு மிச்சத்தில் பங்கு என்றால் மிச்சம் எங்கிருந்து வரும்? 1983-ல் 1.65 கோடி டாலர் கேட்டு வழக்குப் போட்டார்.

"பணத்துக்குத்தானே போனார்" என்று சிலர் சொல்வதைக் கேட்டிருக்கிறேன். ஆமாம், பணத்துக்குத்தான். அவர் உழைத்த பணம். 1960-லும் இதே கதைதான். எழுத்தாளர்கள் வேலைநிறுத்தத்தால் கதை வசனம் இல்லை என்று சொல்லி, 'மேவரிக்' எடுத்த வார்னர் பிரதர்ஸ் ஸ்டுடியோ அவரை இடைநீக்கம் செய்து, சம்பளத்தை நிறுத்தியது. ஆனால் அங்கே 'டபிள்யூ. ஹெர்மனோஸ்' என்ற பொய்ப் பெயரில் கதை வசனம் தயாராகிக்கொண்டே இருந்தது. நீதிமன்றம் போய் ஜெயித்து, ஒப்பந்தத்திலிருந்தே வெளியே வந்தார். நாட்டிலேயே அதிகம் பேர் பார்த்த தொடர்களில் ஒன்றின் நாயகன், புகழின் உச்சியில் இருந்தபோது அதைச் செய்தார். வேலை இல்லாமல் உட்கார வைத்துவிடுவார்கள் என்று பயந்து எத்தனை நடிகர்கள் அன்று வாயை மூடிக்கொண்டிருந்தார்கள்! யுனிவர்சல் வழக்கையும் 1989-ல் சமரசத் தொகை கைக்கு வரும்வரை அவர் விடவே இல்லை.