ராகு கேதுவை விட்டுவிட்டீர்கள்
"ஒரு உலகத்தில் மறைந்து இன்னொரு பரிமாணத்தில் முளைக்கும் கோள்கள் மேற்கத்தைய விஞ்ஞானப் புனைகதையில்தான் பிறந்தன" என்று கற்பனைக் கோள்கள் பற்றிய இந்தத் தொடரில் கட்டுரையாளர் எழுதியிருப்பதை ஏற்கமுடியவில்லை. ராகு, கேது பின்னை என்ன? உடம்பில்லாத சாயாக்கிரகங்கள், கிரகணத்துக்கு மட்டும் தலைகாட்டிவிட்டுப் போய்விடும். மன்னார் மாந்தையில் உள்ள திருக்கேதீச்சரம் சிவன் கோயிலுக்குக் கேது வந்து வழிபட்டதாகவே ஐதீகம். 2010 ஜனவரி 15, பட்டிப்பொங்கல் நாள், நாங்கள் போரில் இடம்பெயர்ந்து வவுனியா செட்டிகுளம் முகாமில். மாடுமில்லை, பட்டியுமில்லை. சூரிய கிரகணம் பிடித்து மத்தியான வெயில் ஒரு மாதிரி வெளிறிப்போச்சு. தறப்பாள் கூரையின் ஊசி ஓட்டைகளால் விழுந்த வெளிச்சப் பொட்டுகள் எல்லாம் நிலத்தில் சின்னச்சின்ன வளையல்களாய்க் கிடந்தன. தங்கச்சி அதைப் பொறுக்கப் போனாள். "பாம்பு விழுங்குது, வெளியில போகாதை" என்று அம்மம்மா கையைப் பிடித்து இழுத்தா. மேலே கருத்து எழுதிய ஒருவர் ராகு கேதுவெல்லாம் "சுத்த மூடநம்பிக்கை" என்று ஒரே வரியில் முடித்திருக்கிறார். பாம்பு கற்பனைதான் தம்பி, இடம் கற்பனையில்லை. சந்திரனின் பாதை சூரியனின் பாதைக்கு ஏறக்குறைய 5 பாகை சரிந்திருக்கிறது; இரண்டும் வெட்டும் இரு புள்ளிகளுக்கு வைத்த பெயர்தான் ராகுவும் கேதுவும். அமாவாசை அந்தப் புள்ளிக்குக் கிட்ட வந்தால்தான் சூரிய கிரகணம். புள்ளிகளும் சும்மா நிற்பதில்லை, பின்பக்கமாக நகர்ந்து ஏறக்குறைய 18.6 ஆண்டில் ஒரு சுற்று முடிக்கும். சாத்திரக்காரர் ராகுவை மற்றக் கிரகங்களுக்கு எதிர்ப்பக்கமாக ஓடவிடுவதும் இதனால்தான். அடுத்த பகுதியில் இதற்கும் ஒரு பந்தி ஒதுக்குங்கோ.