பனியாற்றின் முன்னால் ஓராண்டு நிற்கும் கேமரா

பனியாறுகள் உருகிப் பின்வாங்குவதைப் பதிவுசெய்ய, அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் ஜேம்ஸ் பேலாக் கிரீன்லாந்திலும் ஐஸ்லாந்திலும் தானாகப் படமெடுக்கும் கேமராக்களை 'வைத்துவிட்டு வந்தார்' என்று அவரைப் பற்றி நான் படித்த ஒரு கட்டுரை ஒரே வரியில் தாண்டிவிடுகிறது. கடினமான வேலையே அங்கேதான் இருக்கிறது. 2007-ல் அவர் தொடங்கிய அந்தப் பனியாற்றுப் படத் திட்டமான எக்ஸ்ட்ரீம் ஐஸ் சர்வேயில் முதலில் காலை வாரியது, படமெடுக்கும் நேரத்தைக் கட்டுப்படுத்தும் டைமர்தான்.

அடுத்த எதிரி பேட்டரி. லெட்-ஆசிட் பேட்டரி மைனஸ் 20 டிகிரியில் ஏறத்தாழ பாதித் திறனையே தரும். சார்ஜ் இறங்க இறங்க உள்ளிருக்கும் அமிலம் நீர்த்துப்போய், கடுங்குளிரில் உறைந்து, பெட்டியே விரிசல் விடும். முழு சார்ஜில் இருந்தால் அந்த அபாயம் மிகக் குறைவு. ஆகவே இருண்ட குளிர்கால மாதங்களுக்கான மின்சாரம் முழுவதும் பேட்டரியிலேயே இருந்தாக வேண்டும். சோலார் பேனலைக் கிட்டத்தட்ட செங்குத்தாகப் பொருத்தினால் பனி தங்காது, தாழ்ந்து நிற்கும் சூரியனின் வெளிச்சமும் நேராக விழும்.

முக்காலியைப் பனிமேல் நிறுத்தவே கூடாது, பனியாறு நகரும். பக்கத்துப் பாறையில் துளையிட்டு போல்ட் அடித்து, கம்பி வைத்து இழுத்துக் கட்ட வேண்டும். காற்றில் சட்டகம் இம்மியளவு திரும்பினாலும் அந்த ஆண்டின் ஒப்பீடு கெட்டுவிடும். இத்தனைக்கும் பகலில் மணிக்கு ஒன்றாக ஆண்டுக்கு 4,000 படங்கள் கிடைத்தாலும், நொடிக்கு 24 வீதம் வீடியோவாக ஓட்டினால் மூன்று நிமிடம்கூட வராது. ஃபோகஸைக் கையால் வைத்து டேப் ஒட்டிவிடுங்கள். வெண்பனி கேமராவின் ஒளி அளக்கும் மீட்டரை ஏமாற்றிப் படத்தை இருட்டாக்கும், எக்ஸ்போஷரை ஒரு ஸ்டாப்பாவது (அதாவது ஒளியை இரு மடங்காகவாவது) கூட்டுங்கள்.