ஏழு ஆண்டுக் கணக்கு எல்லாத் திசுக்களுக்கும் பொருந்தாது

"ஏழு ஆண்டுக்கு ஒருமுறை உடலின் எல்லாச் செல்களும் மாறிவிடும், பழைய சேதம் எதுவும் தங்காது" என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார். முதல் பாதி தவறு. இரண்டாம் பாதி ஆபத்தானது. நெஞ்சுவலி உள்ள ஒருவர் இதை நம்பிக் காத்திருந்துவிடக் கூடாதே என்ற கவலையில் எழுதுகிறேன்.

திசுவுக்குத் திசு வேகம் வேறு. சிறுகுடலின் உட்படலச் செல்கள் 3 முதல் 5 நாட்களில் உதிர்ந்துவிடும். சிவப்பணு சுமார் 120 நாள் வாழும். இதயத் தசைச் செல்களோ ஆண்டுக்கு 1 சதவீதம் அளவுக்கே, முதுமையில் அதைவிடக் குறைவாகவே, புதுப்பிக்கப்படுகின்றன. இதைக் கண்டறிந்த வழி அருமையானது: 1950, 60களின் அணுகுண்டுச் சோதனைகளால் காற்றில் கூடிய கார்பன்-14 (கதிரியக்கம் உள்ள ஒரு வகைக் கார்பன்), அப்போது உருவான செல்களின் டிஎன்ஏவில் பதிந்துவிட்டது. அதை அளந்துதான் செல்களின் வயதைக் கணித்தார்கள். பெருமூளைப் புறணியின் (மூளையின் வெளி அடுக்கின்) நரம்புச் செல்களுக்கு ஏறக்குறைய நம் வயதே என்பதும் அப்படித்தான் தெரிந்தது.

மாரடைப்பில் இறந்த தசையின் இடத்தில் நார்த்திசுத் தழும்புதான் உருவாகிறது. தசையைப் போல் அது சுருங்காது, இரத்தத்தை உந்தித் தள்ளவும் உதவாது. மூட்டுக் குருத்தெலும்பும் அப்படியே. இரத்தக் குழாய் இல்லாததால் தேய்ந்தபின் தானாகச் சரியாவது அரிது.