பெட்டிசக்காரி என்று சொன்னவருக்கு

டிப்பர் அடித்து மனிசனைப் பறிகொடுத்த எங்கள் ஊர் அக்கா ஒருவர், பொலிஸ் ஒழுங்காக விசாரிக்கவில்லை என்று நீதிமன்றம் போயிருக்கிறார். அதற்காக அவரைத் திட்டி ஒரு பெரியவர் குரல் பதிவு போட்டிருக்கிறார். நேற்றிலிருந்து ஊரில் எல்லாருடைய வட்ஸ்அப்பிலும் அந்தக் குரல் பதிவுதான் ஓடுகிறது. அக்காவைப் "பெட்டிசக்காரி" என்ற பெரியவருக்கு முதலில் வணக்கம்.

ஐயா, பெட்டிசம் என்பது பெயர் போடாமல், எழுத்தை மாற்றி எழுதி, அடுத்த வீட்டுக்காரனின் இடமாற்றத்தைக் குழப்ப அனுப்புவது. (உங்களுக்குத் தெரியாத கலையா?) அக்கா போட்டிருப்பது மனு. சொந்தப் பெயர், அடையாள அட்டை இலக்கம், சத்தியக் கடதாசி எல்லாம் வைத்து, மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் போட்ட மனு. அதில் யாரையும் தூக்கில் போடச் சொல்லவில்லை. பொலிசார் செய்யவேண்டிய விசாரணையைச் செய்யும்படி கட்டளையிடுங்கள் என்றுதான் கேட்கிறார். அவ்வளவுதான்.

அக்காவின் மனிசனை டிப்பர் அடித்துப் போட்டு பதினொரு மாதம். சந்திக் கடையில் சிசிடிவி இருந்தது. அக்கா மூன்று தரம் பொலிசில் போய்ச் சொன்னார். "வருவம் அம்மா" என்றார்கள். அவர்கள் வந்தபோது அந்தப் பதிவு அழிந்து, அதன் மேல் புதுப் பதிவு ஏறியிருந்தது. இதற்குப் பிறகும் அவர் யாரிடம் போக வேண்டும்? உங்களிடமா?

என் கதை சின்னது. தோட்டத்து வாட்டர் பம்ப் களவு போனது. பொலிசில் முறைப்பாடு கொடுக்கப் போனேன். நான் தமிழில் சொன்னேன், பொலிஸ்காரர் சிங்களத்தில் எழுதினார், நான் வாசிக்காமலே கையெழுத்து வைத்தேன். பம்ப் வாங்கின ரசீதின் பிரதியைக் கேட்டார்கள், கொடுத்தேன். அடுத்த கிழமை போனேன், அதே ரசீதைத் திரும்பவும் கேட்டார்கள். நாலாம் தரம் வாசலில் நின்றவர், "அண்ணை, புதுசு ஒண்டு வாங்கலாமே" என்றார். வாங்கினேன். பம்ப் வாங்கலாம் ஐயா. அக்கா எதை வாங்குவார்?

பொலிசில் ஆள் பற்றாக்குறை, தமிழ் தெரிந்தவர்கள் குறைவு என்று சிலர் எழுதுகிறீர்கள். சரி, ஒத்துக்கொள்கிறேன். இரவு பகலாக வேலை செய்பவர்களையும் பார்த்திருக்கிறேன். ஆனால் சந்திக் கடைக்கு நடந்து போக எத்தனை பேர் வேண்டும்? இதன் பின்னால் அரசியல் இருக்கிறது என்பவர்களுக்குப் பதில் சொல்ல எனக்கு நேரமில்லை.

"ஏன் அடிப்படை உரிமை வழக்குப் போடவில்லை?" என்று ஒரு படித்த தம்பி கேட்டிருக்கிறார். அதற்கு ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றம் போக வேண்டும் தம்பி. அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால் அங்கே விசாரணை நடக்கும் காலம் கணக்கில் சேராது. இதை அக்காவுக்கு அந்த நேரம் யார் சொன்னது? அந்த ஒரு மாதமும் அவர் எட்டுச் செலவு, அந்தியேட்டி என்று செத்தவீட்டுச் சடங்குகளுக்குக் காசு பிரட்டிக்கொண்டு நின்றார். மனுப் போடவில்லையென்றால் "ஏன் சும்மா இருந்தாய்", போட்டால் "பெட்டிசக்காரி".

இந்த மண்ணில் இது புதிதும் இல்லை. 2009 மே மாதம் இராணுவத்திடம் கையளித்தவர்களைத் தேடி அவர்களை நீதிமன்றத்தில் கொண்டுவந்து காட்டச் சொல்லி ஆட்கொணர்வு மனுப் போட்ட பெண்கள் முல்லைத்தீவுக்கும் வவுனியாவுக்குமாக எத்தனை தவணை அலைந்தார்கள்? 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைக் கேட்டுக் கொட்டில் போட்டுக் குந்தியிருந்த அம்மாக்களையும் "காசுக்கு இருக்கினம்" என்று சொன்ன வாய்கள் எங்கள் ஊரிலேயே இருந்தன. அந்த அம்மாக்களில் ஒருவர் என் பெரியம்மா. மகனின் படத்தைச் சொப்பிங் பையில் சுற்றி நெஞ்சோடு வைத்திருப்பார், மழை பட்டுவிடும் என்று. அவர் போய்விட்டார். படம் எங்கள் வீட்டில் இருக்கிறது. டிப்பர் கதையில் இதை ஏன் இழுக்கிறேன் என்று கேட்பீர்கள். எனக்கும் தெரியவில்லை. அந்தக் குரல் பதிவைக் கேட்டதும் பெரியம்மாவின் முகம்தான் வந்தது.

வெள்ளிக்கிழமை கொழும்பில், புதுக்கடை நீதிமன்றத்தில் அக்காவின் மனுவுக்குத் தவணை. அக்கா வியாழன் இரவு பஸ்ஸில் போகிறார். அவரோடு போகவேண்டிய தம்பிக்குப் பரீட்சை, அவனால் போக முடியாது. துணைக்கு ஒரு பெண் வந்தால் நல்லது, பஸ் காசு நான் தருகிறேன். இன்பொக்ஸில் சொல்லுங்கோ.