பீம்பேட்காவில் இருந்தது தேன்கூடு

பீம்பேட்காவில் டிக்கின்சோனியா என்ற ஆதிகால உயிரினத்தின் 55 கோடி வருடப் பழமையான எச்சம் கிடைத்தது என்று போட்டித் தேர்வுக் குறிப்புகளிலும் யூடியூப் வீடியோக்களிலும் இன்னமும் பார்க்கிறேன். பார்க்கிறபோதெல்லாம் கோபம் வருகிறது. 2021இல் அந்தச் செய்தி ஊரெல்லாம் பரவியது. அது தவறு என்று பிறகு வந்த செய்தி பலருக்கும் போய்ச் சேரவே இல்லை.

போபாலுக்குப் பக்கத்தில் உள்ள பீம்பேட்காவில், ஆடிட்டோரியம் குகையின் மேற்பகுதியில், இலை மாதிரி வரிவரியாக ஒரு தடம் தெரிந்தது. புவியியலாளர் கிரிகோரி ரெட்டாலக்கின் குழு அதை டிக்கின்சோனியா என்றது. அப்படியென்றால் பாறைக்கும் சுமார் 55 கோடி வயதுதான். அதாவது ஒரே ஒரு தடத்தை வைத்து, விந்தியப் பாறை அடுக்குகளின் மேற்பகுதிக்கே வயது சொல்லியாகிவிட்டது. ஜோசப் மீர்ட் குழு நேரில் போய்ப் பார்த்தபோது அந்தத் தடம் பாறையிலிருந்து உரிந்துகொண்டிருந்தது. சிதைந்துபோன தேன்கூடு அது. ரெட்டாலக் தன் தவறை ஒப்புக்கொண்டார். அதற்காக அவரை மனதார மதிக்கிறேன்.

வயதில் என்ன இருக்கிறது என்று கேட்பவர்களுக்குச் சொல்கிறேன். ராஜஸ்தானிலிருந்து பீகார் வரை பரந்து கிடக்கிறது இந்த விந்தியப் பாறைத் தொகுதி. கீழிருந்து மேலாக செம்ரி, கைமூர், ரேவா, பாண்டேர் என்று நான்கு பிரிவுகள். செங்கோட்டையும் ஃபதேபூர் சிக்ரியும் இந்தச் செம்மணற்கல்தான். பன்னா பக்கம் மஜ்கவானில் வைரம் தரும் எரிமலைக் குழாய் ஒன்று கைமூர் மணற்கல்லை ஊடுருவி நிற்கிறது. அதன் வயது சுமார் 107 கோடி. அது துளைத்த மணற்கல் அதற்கும் மூத்ததாகத்தானே இருக்க வேண்டும்? மேலே பாண்டேர் மணற்கல்லில் எடுத்த சிர்கான் மணிகளிலும் (வயது கணக்கிட உதவும் கனிமம் இது) மிக இளையவை சுமார் 100 கோடியிலேயே நின்றுவிடுகின்றன. அதாவது பாறையின் வயது 55 கோடி அல்ல, 100 கோடியை ஒட்டி இருக்கலாம். அந்த மணல் படிந்த காலத்தில் நிலத்தில் ஒரு புல்கூடக் கிடையாது, மணலைப் பிடித்து வைக்க ஒரு வேர் கிடையாது. அன்றைய நீரலைகளின் வரிகள் இன்றும் கல்லில் அப்படியே இருக்கின்றன. இதைவிடப் பெரிய அதிசயம் வேண்டுமா என்ன?

விந்தியப் பாறை இதற்கு முன்பும் ஒருவரைப் படுத்தியிருக்கிறது. 1998இல் தொல்லுயிரியலாளர் ரஃபத் ஆஸ்மி விந்தியத்தின் கீழ்ப்பகுதிப் பாறைகளில் நுண்ணிய தொல்லுயிர் எச்சங்களைக் கண்டதாக எழுதினார், அவை சுமார் 50 கோடி வருடத்துக்கு முந்தைய கேம்பிரியன் காலத்தவை என்றார். அவரைச் சந்தேகப்பட்டார்கள். ஸ்டீஃபன் பெங்ட்சன் குழு சித்திரகூடத்துக்குப் போய் மறுபடி மாதிரி எடுத்தது. எச்சங்கள் உண்மை, வயதுதான் வேறு, சுமார் 160 கோடி என்று 2009இல் எழுதினார்கள். 2017இல் அங்கே கிடைத்த சிவப்புப் பாசி போன்ற ஒன்றுக்கு ரஃபதாஸ்மியா என்று அவர் பெயரையே வைத்தார்கள்.

இரண்டு முறையும் யாரோ ஒருவர் மறுபடி அந்தப் பாறைகளை நேரில் போய்ப் பார்த்ததால்தான் விஷயம் தெளிந்தது. மாணவர்களுக்குச் சொல்ல வேண்டியது இந்தக் கதையைத்தான். பயிற்சி மையம் நடத்துகிறவர்கள், சேனல் வைத்திருக்கிறவர்கள் தயவுசெய்து பழைய வீடியோவின் தலைப்பிலேயே திருத்தம் போடுங்கள். வீடியோவை நீக்க வேண்டாம், எப்படித் தவறு நடந்தது என்பதையும் பிள்ளைகள் பார்க்கட்டும்.